நம்பிக்கை போன போதகருக்கு: யாரிடம், எப்போது, எப்படிச் சொல்வது

மதப்பணியையே வாழ்க்கையாக எடுத்துக்கொண்ட பிறகு உள்ளுக்குள் நம்பிக்கை இல்லாமல் போனவர்களுக்காக இதை எழுதுகிறேன். போதகர், பாதிரியார், கன்னியர், இமாம், ரப்பி, பிக்கு, யாராக இருந்தாலும் சரி. நானும் போதகராக இருந்தவன். நம்பாமலே பிரசங்கம் செய்த காலம் எனக்கும் உண்டு. பணியை விட்டு வந்த பிறகு, அதே நிலையில் இருக்கிற பலர் என்னிடம் பேசியிருக்கிறார்கள், இன்றும் பேசுகிறார்கள். அவர்களைக் கேட்டுக் கேட்டு எனக்கு உறுதியான விஷயம் ஒன்று உண்டு. எதை எந்த வரிசையில் செய்கிறோம் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. யாரிடம் முதலில் சொல்வது, எதை முடித்துவிட்டு எதைத் தொடங்குவது என்று யோசித்துச் செய்தவர்கள் குடும்பத்தோடு கரையேறினார்கள். ஒருநாள் மனம் பொங்கி மேடையிலேயே சொல்லிவிட்டவர்கள், அடுத்த மாதம் எங்கே தங்குவது என்று தெரியாமல் நின்றார்கள்.

உங்களை நாத்திகராக்குவதும் என் வேலை இல்லை, மறுபடி விசுவாசியாக்குவதும் இல்லை. நீங்கள் இப்போது நிற்கிற இடத்திலிருந்து அடுத்த அடியை எங்கே வைப்பது என்பது மட்டும்தான் இதில் இருக்கிறது.

முதலில், போனது நம்பிக்கைதானா?

களைப்பு, மனச்சோர்வு, ஆன்மிக வறட்சி, நம்பிக்கை இழப்பு ஆகிய நான்கும் மேலோட்டமாகப் பார்க்க ஒரே மாதிரி இருக்கும். ஜெபம் வராது. வேதத்தைத் திறந்தால் எழுத்து மட்டும் தெரியும். ஆராதனைக்குக் கிளம்பும்போதே உடம்பு கனக்கும். ஆனால் நான்குக்கும் வைத்தியம் வேறு வேறு.

களைப்பு ஓய்வெடுத்தால் தெரிந்துவிடும். சில வாரங்களாவது விடுப்பு எடுங்கள், அந்த நாட்களில் பிரசங்கக் குறிப்பைத் தொடாதீர்கள். நன்றாகத் தூங்கி எழுந்த பிறகும் அதே கேள்வி அதே இடத்தில் நின்றால், அது களைப்பு இல்லை. மனச்சோர்வு என்றால் கடவுளோடு நிற்காது. பிள்ளையின் சிரிப்பு, பிடித்த பாட்டு, நண்பனின் குரல் எல்லாமே சப்பென்று ஆகிவிடும். அதற்கு மருத்துவரைப் பாருங்கள். உயிரை விட்டுவிடலாம் என்ற எண்ணம் ஒரு முறை வந்திருந்தாலும், இதைப் படிப்பதை நிறுத்திவிட்டு இன்றைக்கே ஒரு மருத்துவரிடமோ நம்பகமான ஒருவரிடமோ பேசுங்கள். மற்றதெல்லாம் காத்திருக்கும்.

வறட்சி கொஞ்சம் நுட்பமானது. 16ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த ஸ்பானியத் துறவி சிலுவை யோவான் அதை இருண்ட இரவு என்று எழுதினார். அன்னை தெரேசாவின் கடிதங்கள் 2007இல் வெளிவந்தபோது, அவர் பல பத்தாண்டுகளாகக் கடவுளின் அருகாமையை உணராமல் தவித்தது உலகத்துக்குத் தெரிந்தது. ஆனால் அவர் அந்தத் தவிப்பையே ஜெபத்தில் சொல்லிக்கொண்டிருந்தார். வறட்சியில் இருப்பவருக்கு ஒருவர் வரவில்லையே என்ற வலி இருக்கும். நம்பிக்கை போனவருக்கு, வர ஒருவர் இருக்கிறார் என்ற எண்ணமே கலைந்திருக்கும். என்னிடம் பேசுகிறவர்களிடம் நான் கேட்கும் கேள்வி இதுதான்: கடவுள் திரும்ப வரவேண்டும் என்று ஏங்குகிறீர்களா, நம்புவதாகக் காட்டிக்கொள்வது நின்றால் போதும் என்று ஏங்குகிறீர்களா? முதல் பதில் வருபவர்களை நான் அவர்களின் ஆன்மிக வழிகாட்டியிடமே திருப்பி அனுப்புகிறேன். இரண்டாவது பதில் வருபவர்கள் மேலே படிக்கலாம்.

பெரும்பாலும் இது சத்தமில்லாமல்தான் நடக்கும். தத்துவ அறிஞர் டேனியல் டென்னெட்டும் லிண்டா லஸ்கோலாவும், நம்பிக்கை இழந்தபடியே பணியைத் தொடர்ந்த ஐந்து புராட்டஸ்டன்ட் போதகர்களிடம் பேசி 2010இல் ஓர் ஆய்வை வெளியிட்டார்கள். இறையியல் கல்லூரியில் வேதத்தை ஆழமாகப் படித்தபோதே கேள்வி முளைத்த கதை அதில் வருகிறது. நான் கேட்ட கதைகளும் அப்படித்தான். ஆதியாகமத்தின் முதல் இரண்டு அதிகாரங்களில் படைப்பு வேறு வேறு வரிசையில் வருகிறது. யூதாஸ் செத்த விதத்தை மத்தேயு ஒரு மாதிரி சொல்கிறார், அப்போஸ்தலர் நடபடிகள் வேறு மாதிரி சொல்கிறது. இவை யாரையும் உடனே கவிழ்ப்பதில்லை. ஆனால் அதற்கு விளக்கம் தயாரித்துத் தயாரித்தே ஒருநாள் கை ஓய்ந்துவிடும்.

எது போனது, எது மிச்சம்: எழுதிப் பாருங்கள்

நம்பிக்கை போய்விட்டது என்று மொத்தமாகச் சொல்லாதீர்கள். ஒரு தாளை எடுத்து ஒவ்வொன்றாக எழுதுங்கள். கடவுள் இருக்கிறாரா? இருந்தால் ஜெபத்தைக் கேட்கிறாரா? மரணத்துக்குப் பின் எதுவும் உண்டா? நரகம்? அற்புதங்கள்? இந்தச் சபையின் தலைமைமேல் நம்பிக்கை உண்டா? ஒவ்வொன்றுக்கும் பக்கத்தில் ஆம், இல்லை, தெரியாது என்று மட்டும் போடுங்கள்.

ஒரு பாதிரியார் இப்படி எழுதிப் பார்த்தபோது, அவருக்குப் போனது கடவுள் நம்பிக்கை இல்லை என்று தெரிந்தது. குழந்தைகளுக்கு நடந்த கொடுமையை மூடி மறைத்த மேலிடத்தின்மேல் இருந்த நம்பிக்கைதான் போயிருந்தது. அவர் போகவேண்டிய வழி வேறு. இன்னொருவருக்கு நரகம் என்ற போதனை மட்டும்தான் தொண்டையில் சிக்கியிருந்தது. அவர் வேறொரு திருச்சபைக்கு மாறிப் பணியைத் தொடர்கிறார். கடவுள் என்ற வரிக்கு எதிரேயே இல்லை என்று எழுதியவர்களுக்குத்தான் இனி வருவது முழுக்கப் பொருந்தும்.

அந்தத் தாளைக் கிழித்துவிடுங்கள். சபை கொடுத்த கணினியில் இதை எழுதக் கூடாது, சபையின் மின்னஞ்சலில் இதைப்பற்றி ஒரு வரிகூட அனுப்பக் கூடாது. குடும்பம் முழுவதும் பயன்படுத்தும் கணக்கில் இதைப்பற்றித் தேடவும் வேண்டாம். ரகசியம் வெளியே வருவது பெரும்பாலும் யாரும் காட்டிக்கொடுத்து இல்லை, திறந்து கிடந்த ஒரு திரையால்தான்.

முதல் ஆள்

முதலில் சொல்லும் ஆள் சபைக்கு வெளியே இருக்கவேண்டும். உங்கள் மேலதிகாரி வேண்டாம். சபை மூப்பர் வேண்டாம், எவ்வளவு நெருக்கமாக இருந்தாலும். சக போதகரிடம் சொல்லத் தோன்றும். அவர் நல்லவராகவும் இருப்பார். ஆனால் சில திருச்சபைகளில் இதைத் தெரிந்துகொண்டவர் மேலே அறிவிக்கக் கடமைப்பட்டவர். அவரை அந்த இக்கட்டில் தள்ளவேண்டாம். கத்தோலிக்கக் குருக்களுக்கு ஒரு விஷயம் நினைவூட்டுகிறேன். பாவசங்கீர்த்தனத்தில், அதாவது பாவ அறிக்கையில், சொன்னதை எந்தக் குருவும் எந்தக் காரணத்துக்காகவும் வெளியே சொல்ல முடியாது. இதைத்தான் முத்திரை என்பார்கள். ஆனால் அதே குருவிடம் நடைப்பயிற்சியில் சொன்னால் அந்த முத்திரை கிடையாது.

மதச் சார்பில்லாத மனநல ஆலோசகர் நல்ல தொடக்கம். ஆங்கிலம் வருமானால் கிளர்ஜி பிராஜெக்ட் என்ற அமைப்பு இருக்கிறது. 2011 மார்ச்சில் தொடங்கியது. பணியில் இருக்கிற, பணியை விட்ட, ஆனால் தெய்வ நம்பிக்கை இல்லாத மதப் பணியாளர்கள் மட்டும் சேரலாம். சேருமுன் நீங்கள் உண்மையிலேயே அப்படிப்பட்டவர்தானா என்று விசாரிப்பார்கள், உள்ளே புனைபெயரில் பேசலாம். அந்த விசாரிப்பு உங்கள் பாதுகாப்புக்குத்தான், அதைப் பார்த்துத் தயங்காதீர்கள்.

இங்கே ஒன்றைக் கண்டிப்பாகச் சொல்லவேண்டும். சில நாடுகளில் மதத்தை விட்டதாகச் சொல்வதே மரண தண்டனைக்குரிய குற்றம். வேறு சில இடங்களில் சட்டம் விட்டாலும் கூட்டம் விடாது. அப்படி ஓர் இடத்தில் நீங்கள் இமாமாகவோ வேறு எந்தப் பொறுப்பிலோ இருந்தால், இந்தக் கட்டுரையின் வரிசை உங்களுக்குப் பொருந்தாது. பத்திரமான நாட்டுக்குப் போய்ச் சேரும்வரை யாரிடமும் சொல்லாதீர்கள். அது கோழைத்தனம் இல்லை. 1951ஆம் ஆண்டின் அகதிகள் உடன்படிக்கையில் மதத்தின் பெயரால் துன்புறுத்தப்படுவது ஒரு காரணமாக இருக்கிறது. மதநம்பிக்கை இல்லாததால் துன்புறுத்தப்படுவதும் அதில் அடங்கும் என்றே ஐ.நா. அகதிகள் ஆணையம் பொருள்கொள்கிறது.

மனைவியிடம், கணவரிடம்

இதற்குத்தான் எல்லோரும் அதிகம் பயப்படுகிறார்கள். பயம் நியாயமானது. உங்களை ஊழியக்காரர் என்று நம்பித்தான் அவர் உங்களோடு வாழ்க்கையைத் தொடங்கினார், பல இடங்களில் அவருக்கும் சபையில் சம்பளமில்லாத ஒரு வேலை இருக்கிறது.

நான் கேட்டதில் ஒன்றைச் சொல்கிறேன். ஒரு போதகர் சொற்களைத் தேடித் தேடிப் பல மாதம் தள்ளிப்போட்டார். ஒருநாள் இரவு, துணி மடித்துக்கொண்டிருந்த மனைவியிடம் திக்கித் திணறிச் சொன்னார். அவர் மடிப்பதை நிறுத்தவில்லை. "எனக்குத் தெரியும்ங்க. ரெண்டு வருஷமா சாப்பிடுறதுக்கு முன்னாடி பசங்களையே ஜெபம் பண்ணச் சொல்றீங்க" என்றார். கொஞ்ச நேரம் கழித்து, "அப்போ நம்ம கல்யாணத்துல கடவுள் முன்னாடி சொன்னது?" என்று கேட்டார். போதகர், "உன்கிட்ட சொன்னது அப்படியேதான் இருக்கு" என்றார். அன்றைக்கு அதற்குமேல் இருவரும் பேசவில்லை. பேசத் தேவையும் இருக்கவில்லை.

எல்லா வீட்டிலும் இப்படி நடக்காது. சிலர் அழுவார்கள், சிலர் மேய்ப்பரிடம் ஓடுவார்கள். அதனால் சில முன்னேற்பாடுகள். வாதங்களோடு போகாதீர்கள். ஏன் நம்பவில்லை என்று அவர் கேட்காதவரை விளக்கவேண்டாம். அவர் முதலில் கேட்கப்போவது கடவுளைப் பற்றி இருக்காது. வீடு என்னாகும், பிள்ளைகள் என்னாவார்கள், வேறு யாருக்குத் தெரியும், என்னையும் விட்டுவிடுவீர்களா என்றுதான் இருக்கும். அவருடைய நம்பிக்கை தொடரலாம், அதில் நீங்கள் கைவைக்க மாட்டீர்கள் என்பதை முதல் பேச்சிலேயே சொல்லிவிடுங்கள். முக்கியமாக, ரகசியத்தைச் சுமக்க அவரைத் தனியாக விட்டுவிடாதீர்கள். உங்களுக்குப் பேச ஓர் ஆள் இருப்பதுபோல அவருக்கும் ஒருவர் வேண்டும். யார் என்று அவரே தேர்ந்தெடுக்கட்டும்.

சின்னப் பிள்ளைகளிடம் வெளியே சொல்லும் காலம் நெருங்கும்வரை சொல்லவேண்டாம். பள்ளியிலும் சபையிலும் வாயைக் கட்டிக்கொண்டு இருக்கச் சொல்வது பிள்ளைக்குப் பாரம். வளர்ந்த பிள்ளை நேராகக் கேட்டால் மட்டும் பொய் சொல்லாதீர்கள்.

வீடு, பணம், வேலை

இந்தப் பகுதியை அவமானமாக நினைத்துத் தாண்டிப்போகிறவர்கள் இருக்கிறார்கள். பணத்துக்காகவா ஊழியத்துக்கு வந்தோம் என்பார்கள். இல்லைதான், ஆனால் குடும்பம் தெருவுக்கு வந்தால் உங்கள் நேர்மையால் யாருக்கும் பயன் இல்லை.

குடியிருக்கும் வீடு சபையுடையதா? அப்படியானால் ராஜினாமா செய்த பிறகு எத்தனை நாளில் காலி செய்யவேண்டும் என்று உங்கள் நியமனக் கடிதத்திலும் திருச்சபை விதிகளிலும் தேடிப் படியுங்கள். யாரையும் கேட்கவேண்டாம், கேட்டாலே சந்தேகம் வரும். ஓய்வூதியம் எந்த வருடத்தில் உறுதியாகிறது என்று பாருங்கள்; சில மாதம் பொறுத்தால் ஆயுளுக்கும் வரும் தொகை கிடைக்குமானால் பொறுப்பதில் தவறில்லை. அமெரிக்காவில் பணிபுரியும் போதகர்கள், தொடக்க காலத்தில் சமூகப் பாதுகாப்புத் திட்டத்திலிருந்து விலக்குக் கேட்டு 4361 என்ற படிவத்தில் கையெழுத்திட்டார்களா என்று நினைவுபடுத்திப் பார்க்கவேண்டும். இட்டிருந்தால், ஊழியத்தில் சம்பாதித்த வருடங்கள் அந்த ஓய்வூதியக் கணக்கில் ஏறியிருக்காது. துறவற சபைகளில் இருப்பவர்களுக்கு நிலைமை இன்னும் கடினம். கத்தோலிக்கத் திருச்சபைச் சட்டத்தின் 702ஆம் விதிப்படி, சபையை விட்டுப் போகிறவர் அங்கே செய்த வேலைக்காக எதையும் உரிமையாகக் கேட்க முடியாது. ஆனால் அதே விதியின் அடுத்த பகுதி, போகிறவரைச் சபை நியாயத்தோடும் அன்போடும் நடத்தவேண்டும் என்கிறது. கேட்கும்போது அந்த இரண்டாம் பகுதியைச் சுட்டிக்காட்டிக் கேளுங்கள். கன்னியர் பலருக்கு இப்படி ஒரு வரி இருப்பதே தெரியாது.

வேலை விஷயத்தில், எனக்கு ஒன்றும் தெரியாது, பிரசங்கம்தான் தெரியும் என்று எல்லோரும் சொல்கிறார்கள். அது உண்மை இல்லை. வாராவாரம் புதிதாக எழுதி, கூட்டத்தின் முன் பேசி, கணக்குப் பார்த்து, தன்னார்வலர்களை வேலை வாங்கி, சண்டை தீர்த்து, சாவு வீட்டில் நின்றவர் நீங்கள். விண்ணப்பத்தில் ஊழியம் என்று ஒரே வரியாக எழுதாமல் இவற்றைத் தனித்தனியாக, எத்தனை பேர், எவ்வளவு வரவுசெலவு என்று எழுதுங்கள். இறுதிக்கால நோயாளிகள் பராமரிப்பு, ஆசிரியப் பணி, தொண்டு நிறுவன நிர்வாகம், குடும்ப ஆலோசனை ஆகியவற்றுக்குப் பலர் போயிருக்கிறார்கள். மதம் கலக்காத திருமணங்களையும் இறுதிச் சடங்குகளையும் நடத்தித்தரும் வேலையும் பல நாடுகளில் இருக்கிறது. நெதர்லாந்தில் ராணுவத்திலும் சிறையிலும் மருத்துவமனையிலும் மதம் சாராத மனிதநேய ஆலோசகர்கள், பாதிரியார்களுக்குச் சமமாகப் பணி செய்கிறார்கள். ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் எல்லா மதக் குருமாரும் சேர்ந்த குழுவுக்கு 2021இல் தலைவராகத் தேர்ந்தெடுக்கப்பட்டவர் கடவுள் நம்பிக்கை இல்லாத கிரெக் எப்ஸ்டீன். ஆனால் ஓர் எச்சரிக்கை: மருத்துவமனைக் குருப் பணிகள் பலவற்றுக்கு உங்கள் திருச்சபையின் ஒப்புதல் தேவை. ராஜினாமா செய்த அன்றே அது போய்விடலாம்.

மாற்று வருமானத்துக்கு வழி தெரியும்வரை பணியில் இருங்கள் என்றே நான் சொல்வேன். அந்த இடைக்காலத்தை எப்படிக் கடப்பது என்பதுதான் அடுத்த கேள்வி.

இடைக்காலத்தில் என்ன பேசுவது

மேடையில் நின்று நம்பாததைச் சொல்லும் ஒவ்வொரு முறையும் உள்ளே ஏதோ தேயும். அதைக் குறைக்க வழி உண்டு. நான் பிரசங்கக் குறிப்பில் ஒவ்வொரு வாக்கியத்தையும் யார் சொல்கிறார் என்று பார்த்தேன். தேவன் உங்களைக் கைவிட மாட்டார் என்று நான் சொல்வதற்குப் பதில், சிறையிலிருந்து பவுல் இப்படி எழுதுகிறார், அவர் நிலையில் இருந்து பாருங்கள் என்று சொன்னேன். ஆமோஸ் ஏழைகளை மிதிப்பவர்களைத் திட்டுகிற பகுதியை எடுத்தால் எதையும் மாற்றவே தேவையில்லை, மனதார முழங்கலாம். நல்ல சமாரியன், மலைப்பிரசங்கம், யோபுவின் கேள்விகள், பிரசங்கி புத்தகம் என்று நம்பாதவரும் மனசாட்சியோடு பேசக்கூடிய பகுதிகள் நிறைய இருக்கின்றன. விசுவாசப் பிரமாணத்தைச் சபையாரில் ஒருவரை முன்னால் அழைத்து நடத்தச் சொல்லலாம்.

சில விஷயங்களில் மட்டும் கோடு போட்டுக்கொள்ளுங்கள். அதைத் தாண்டினால் பின்னால் உங்களை நீங்களே மன்னிக்க முடியாது. கடவுள் கேட்கிறார் என்று சொல்லிக் காணிக்கை கேட்காதீர்கள். சுகம் கிடைக்கும் என்று வாக்குக் கொடுக்காதீர்கள். மருந்தை நிறுத்தச் சொல்பவர்களுக்கு ஆமாம் போடாதீர்கள். நரகத்தைக் காட்டி யாரையும் பயமுறுத்தாதீர்கள். நடக்காத அனுபவத்தைச் சாட்சியாகச் சொல்லாதீர்கள். இளைஞர் யாரையும் ஊழியத்துக்கு வா என்று இழுக்காதீர்கள். இந்த ஆறையும் காப்பாற்ற முடியாத சபையில் இருந்தால், வருமானம் தயாராகாவிட்டாலும் சீக்கிரம் வெளியேறுவதே மேல்.

மரணப் படுக்கைதான் எல்லாவற்றிலும் கடினம். வயதான அம்மா ஒருவர் மூச்சு வாங்கியபடி என்னைப் பார்த்து, "ஐயா, ஜெபம் பண்ணுங்க" என்றார். எந்தச் சங்கீதம் பிடிக்கும் என்று கேட்டேன். இருபத்து மூன்று என்றார். நாற்காலியை நெருக்கி இழுத்துப் போட்டு, மெதுவாக வாசித்தேன். "நான் மரண இருளின் பள்ளத்தாக்கிலே நடந்தாலும்" என்ற இடத்தில் அவர் உதடும் என்னோடு அசைந்தது. என் பெயரில் நான் ஒன்றும் சொல்லவில்லை. வாழ்நாள் முழுக்க அவர் பிடித்துக்கொண்டிருந்த சொற்களை, வாசிக்க முடியாத நேரத்தில் அவருக்கு வாசித்துக் கொடுத்தேன். இதை ஏமாற்று என்று சொல்பவர்களோடு நான் உடன்படவில்லை. அந்த நேரம் அவருடையது, என் சந்தேகத்துக்கு அங்கே இடம் கேட்பதுதான் தவறு.

நேருக்கு நேராக, "நீங்க நம்புறீங்களா?" என்று யாராவது கேட்டால்? பொய் சொல்லவேண்டாம். எனக்கும் கேள்விகள் உண்டு, இன்று உங்களுடையதைப் பேசுவோம் என்று சொல்லலாம். அது உண்மைதான். மறுபடியும் விடாமல் கேட்பவர் ஏதோ கவனித்திருக்கிறார் என்று அர்த்தம். உங்களுக்கு அதிக நாள் இல்லை.

இன்னொரு பாரம் பலரை அரிக்கிறது. நான் நம்பாமல் கொடுத்த ஞானஸ்நானம் செல்லுமா, நான் நடத்திய திருமணம் செல்லுமா என்பது. இதில் திருச்சபையே உங்களுக்குப் பதில் சொல்லி வைத்திருக்கிறது. நான்காம் நூற்றாண்டில் வட ஆப்பிரிக்காவில் டொனாட்டிஸ்டுகள் என்ற கிறிஸ்தவப் பிரிவினர், தகுதியற்ற குரு கொடுத்தது செல்லாது என்றார்கள். ஆயர் அகுஸ்தீன் அதை மறுத்தார்: கொடுப்பவர் கிறிஸ்துதான், குருவின் குறை அதைக் கெடுக்காது என்றார். ஆங்கிலிக்கன் சபையின் 39 கோட்பாடுகளில் 26ஆவதும் இதைத்தான் சொல்கிறது. கத்தோலிக்கச் சட்டத்தில், அவசர நேரத்தில் சரியான நோக்கத்தோடு யார் வேண்டுமானாலும் ஞானஸ்நானம் கொடுக்கலாம். ஆகவே உங்களிடம் பெற்றவர்கள் எதையும் இழக்கவில்லை. நாளைக்கு ஒருவர் அழுதுகொண்டே கேட்டால், அவருடைய திருச்சபையின் போதனையை எடுத்து இதையே சொல்லுங்கள்.

தங்குவதா, போவதா

போகத்தான் வேண்டும் என்று நான் சொல்ல மாட்டேன். சிலருக்குத் தங்க இடம் இருக்கிறது. கனடா ஐக்கிய சபையைச் சேர்ந்த போதகர் கிரெட்டா வாஸ்பர் தன்னை நாத்திகர் என்று வெளிப்படையாகச் சொன்னார். 2016இல் அவர் பணிக்கு ஏற்றவர் இல்லை என்று விசாரணைக் குழு முடிவுசெய்தது, ஆனால் 2018இல் சமரசம் ஏற்பட்டு அவர் தன் சபையிலேயே தொடர்ந்தார். அவர் சபையார் அவரோடு நின்றார்கள் என்பதை மறக்கவேண்டாம். டென்மார்க்கின் போதகர் தோர்கில் குரோஸ்பெல் 2003இல் படைத்துக் காக்கும் கடவுளைத் தான் நம்பவில்லை என்று பத்திரிகைக்குப் பேட்டி கொடுத்தார். அடுத்த ஆண்டு பணியிடை நீக்கம் செய்யப்பட்டார். ரப்பி ஷெர்வின் வைன் வேறு வழி கண்டார். 1963இல் அமெரிக்காவின் மிச்சிகன் மாநிலத்தில் கடவுளை முன்னிறுத்தாத யூத சபை ஒன்றைத் தொடங்கினார். யூனிட்டேரியன் யூனிவர்சலிஸ்ட் சபைகளில் உறுப்பினருக்கு விசுவாசப் பிரமாணம் என்ற நிபந்தனையே கிடையாது.

என்ன நடந்தாலும் இவர்கள் எல்லோரும் வெளிப்படையாகப் பேசியவர்கள். மௌனமாகவே கடைசிவரை இருந்தவர் என்றால் ழான் மெல்லியே நினைவுக்கு வருகிறார். பிரான்சில் எத்ரெபின்யி என்ற சிற்றூரில் சுமார் நாற்பது ஆண்டுகள் பங்குக் குருவாக இருந்து 1729இல் இறந்தார். கடவுளே இல்லை என்று தன் பங்கு மக்களுக்கு எழுதிய பெரிய கையெழுத்துப் படிகளை விட்டுச் சென்றார். 1762இல் எழுத்தாளர் வோல்த்தேர் அதிலிருந்து சில பகுதிகளை வெளியிட்டபோது, மெல்லியேயின் நாத்திகத்தை நீக்கிவிட்டு அவரைக் கடவுளை ஏற்பவராகக் காட்டினார். செத்த பிறகு பேசிக்கொள்ளலாம் என்று நினைப்பவர்கள் இதை யோசிக்கவேண்டும். அப்போது உங்கள் சொல்லை யார் எப்படி வெட்டுவார்கள் என்பது உங்கள் கையில் இல்லை.

சொல்லும் நாள்

மேலதிகாரியிடம் நேரில் சொல்லுங்கள், கையில் கடிதத்தோடு. கடிதம் மூன்று நான்கு வரி போதும்: இந்தத் தேதியிலிருந்து பணியிலிருந்து விலகுகிறேன், பொறுப்புகளை இன்னாரிடம் ஒப்படைக்கிறேன், வீட்டை இந்தத் தேதிக்குள் காலி செய்கிறேன். நம்பிக்கை பற்றி அதில் எழுதவேண்டியதில்லை. கத்தோலிக்கக் குருக்கள் இங்கே இரட்டிப்புக் கவனமாக இருக்கவேண்டும். பெற்ற குருத்துவம் அழியாது, ஆனால் குரு நிலையிலிருந்து விடுவிக்கலாம் என்பது சட்டத்தின் 290ஆம் விதி. மணமாகாமல் இருக்கும் கடமையிலிருந்து விலக்குத் தருவது திருத்தந்தை மட்டுமே என்பது 291. விலக்கு வருமுன் திருமணம் செய்ய முயன்றாலே பணித்தடை தானாக விழும். விசுவாசத்தை முழுக்கத் துறந்துவிட்டேன் என்று எழுத்தில் கொடுப்பதற்கும் தனித் தண்டனை உண்டு. எனவே திருச்சபைச் சட்டம் தெரிந்த ஒருவரிடம் காட்டாமல் எதிலும் கையெழுத்திடாதீர்கள். தேரவாத பௌத்தத்தில் இது எவ்வளவோ எளிது. பேச்சைப் புரிந்துகொள்ளக்கூடிய ஒருவர் முன் பிக்கு தெளிவாகச் சொல்லிவிட்டுச் சீவர உடையைக் களையலாம், பின்னால் மனம் மாறினால் திரும்பவும் வரலாம். எல்லா மதங்களும் இந்த ஒரு விஷயத்தை அவர்களிடம் கற்றுக்கொண்டால் நன்றாக இருக்கும் என்று எனக்கு ஆசை.

சபையாரிடம் விடைபெறும்போது சுருக்கமாகவும் அன்பாகவும் பேசுங்கள். கடைசிப் பிரசங்கத்தை வாதமேடை ஆக்கவேண்டாம். உங்கள் தாயின் அடக்கத்துக்கு வந்து நின்றவர்கள் அவர்கள்.

சமூக ஊடகத்தில் நீங்களே சொல்லும்வரை எந்தத் தடயமும் வேண்டாம். லூசியானாவைச் சேர்ந்த முன்னாள் போதகர் ஜெர்ரி டிவிட், 2011இல் ஒரு மாநாட்டில் பிரபல நாத்திக எழுத்தாளர் ரிச்சர்ட் டாக்கின்ஸோடு எடுத்துக்கொண்ட படம் ஊருக்குத் தெரிந்தது. அவர் நினைத்த நேரத்தில் நினைத்தவர்களிடம் சொல்லும் வாய்ப்புப் போனது. கொஞ்ச நாளில் அவர் பார்த்துவந்த வேலையும் போனது.

அதற்கப்புறம்

முதல் சில மாதம் வாரத்தின் அந்த ஒரு நாள் வெறுமையாக இருக்கும். அதற்கு ஏதாவது முன்னமே ஏற்பாடு செய்துகொள்ளுங்கள். நீண்ட நடை, பாடகர் குழு, பிள்ளைகளோடு விளையாட்டு, எதுவானாலும் சரி. பாட்டுப் பாடுவதை விட்டுவிடாதீர்கள். எனக்குப் பழைய கீர்த்தனைகள் இன்றும் பிடிக்கும், பாடுகிறேன், அதற்கு யாரிடமும் அனுமதி கேட்பதில்லை.

பழைய சபையார் சிலர் பேசமாட்டார்கள். சிலர் உங்களுக்காக ஜெபிப்பதாகச் சொல்வார்கள், நன்றி சொல்லுங்கள். சிலர் சாவுக்கோ கல்யாணத்துக்கோ உங்களையே நடத்தித் தரக் கேட்பார்கள். புதிய போதகர்தான் நடத்தவேண்டும், நான் வந்து குடும்பத்தோடு உட்காருகிறேன் என்று சொல்லி, கட்டாயம் போய் உட்காருங்கள். அவர்கள் உங்களிடம் சொன்ன ரகசியங்கள் பணியோடு முடிந்துபோவதில்லை. பாவசங்கீர்த்தனத்தின் முத்திரை குரு நிலையை விட்ட பிறகும் உங்களைக் கட்டும், மற்ற மரபுகளில் எழுதாத சட்டமாக இருந்தாலும் அதே கண்டிப்போடு காப்பாற்றுங்கள்.

நீங்கள் வெளியே வந்தது தெரிந்ததும், இன்னும் உள்ளே இருக்கிற ஒருவர் எப்போதாவது கூப்பிடுவார். அவரை அவசரப்படுத்தாதீர்கள், உங்கள் வழியைத் திணிக்காதீர்கள். நன்றாகத் தூங்குகிறாரா, வீட்டில் யாருக்குத் தெரியும், குடியிருக்கும் வீடு யாருடையது என்று கேளுங்கள். அவர் பெயரை உங்கள் மனைவியிடம்கூடச் சொல்லாதீர்கள், சொல்லலாம் என்று அவரே சொல்லும்வரை.